பத்து மில்லிகிராம் கல்

வக்கீலுக்கும் எனக்கும் பதினான்கு வருடப் பகை. பகை என்றால் மதியம் ஒன்றிலிருந்து ஒன்றரை வரைக்கும் உள்ள பகை. ஒன்றரை ஆனதும் கையைக் கழுவிக்கொண்டு அவரவர் அறைக்குப் போய்விடுவோம். அவர் உண்மையில் வக்கீல் இல்லை. என்னைப் போலவே எடை சரிபார்க்கும் லேபில் வேலை பார்க்கிறவர். சம்பளம் வாங்காமல் கடவுளுக்காக வாதாடுகிறாரே என்று நான் வைத்த பெயர் அது. ஆபீஸ் முழுக்க நிலைத்துவிட்டது. அவருடைய மனைவிகூட லேபுக்குப் போன் செய்தால் "வக்கீல் இருக்காரா?" என்றுதான் கேட்கிறார்.

என் வேலையைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் பின்னால் நான் ஏன் அப்படி நடுங்கினேன் என்பது விளங்காது. கடை, தொழிற்சாலை, மருத்துவமனை என்று எங்கெங்கோ இருக்கும் தராசுகள் ஒழுங்காக நிறுக்கின்றனவா என்று பார்ப்பது எங்கள் பிழைப்பு. எடைக்கற்களைப் பெட்டியில் எடுத்துக்கொண்டு போவோம். கல்லை வைத்தால் தராசு சரியான எண்ணைக் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் காட்டும்படி திருத்துவோம். பிறகு ஸ்டிக்கர் ஒட்டிக் கையெழுத்துப் போடுவோம். சரி, நாங்கள் கொண்டுபோகும் கல் சரியானதுதானா? அதை வருடத்துக்கு ஒரு முறை லேபிலேயே பூட்டி வைத்திருக்கும் இன்னொரு பெட்டிக் கற்களோடு ஒப்பிடுவோம். அந்தப் பெட்டிக்கு மாஸ்டர் என்று பெயர். வெறும் கையால் தொடக்கூடாது, பக்கத்தில் நின்று தும்மக்கூடாது. அந்த மாஸ்டரையும் இரண்டு வருடத்துக்கு ஒரு முறை எங்களுக்கு மேலே இருக்கும் லேபுக்கு அனுப்ப வேண்டும். அவர்களுக்கும் மேலே ஒரு லேப் இருக்கிறது.

இப்படி ஒரு இடத்தில் வேலை பார்க்கிற இரண்டு பேர் கடவுளைப் பற்றிப் பேசாமல் வேறு எதைப் பற்றிப் பேசுவார்கள், சொல்லுங்கள்.

வக்கீலின் வாதம் இதுதான். எதற்கும் ஒரு காரணம் உண்டு. அந்தக் காரணத்துக்கும் ஒரு காரணம் உண்டு. இப்படிப் பின்னால் போய்க்கொண்டே இருக்க முடியாது. எங்கேயோ ஓர் இடத்தில், இன்னொன்றை நம்பி நிற்காத ஒன்று நின்றாக வேண்டும். அதற்குத்தான் கடவுள் என்று பெயர். நான் விடுவேனா?

"ஏன் போய்க்கிட்டே இருக்க முடியாது? ஒண்ணை ஒண்ணு தாங்கிட்டுப் போகட்டுமே. முதல்னு ஒண்ணு வேணும்கிறது உங்க ஆசை. ஆசை எல்லாம் சாட்சி ஆகாது வக்கீல் சார்."

இன்னொரு கேள்வியும் வைத்திருந்தேன். அதை அடிக்கடி எடுக்கமாட்டேன். வாதத்தில் தோற்கிற மாதிரி தெரிந்தால் மட்டும் எடுப்பேன். "சரி, இருக்காருன்னே வச்சுக்குவோம். ஒருத்தி பயந்து போய்க் கூப்பிடுறா. அவருக்குக் காது கேக்குது. ஏன் ஒரு வார்த்தை சொல்லமாட்டேங்கிறாரு? பக்கத்துலயே உக்காந்துகிட்டு வாயைத் திறக்காத ஆளை நாம என்னன்னு சொல்லுவோம்?"

"பேசாம இருக்கிறதும் இல்லாம இருக்கிறதும் ஒண்ணாயிடாதும்மா" என்பார் அவர். அதைச் சொல்லும்போது மட்டும் குரல் கொஞ்சம் இறங்கும். அங்கே அவருக்கு வலிக்கிறது என்று எனக்குத் தெரியும். தெரிந்தேதான் அங்கே அடிப்பேன். நான் அப்படி ஒன்றும் நல்லவள் இல்லை.

இனி தங்கை கதை. எனக்கு இருப்பது ஒரே தங்கை. அவள் வீட்டுக்காரர் கப்பலில் வேலை பார்க்கிறார், வருடத்தில் எட்டு மாதம் கடலில்தான் இருப்பார். கல்யாணமாகி ஒன்பது வருடம் கழித்து உண்டான பிள்ளை, ஏழு மாதத்திலேயே அவசரப்பட்டு வெளியே வந்துவிட்டது. ஒரு கிலோ முந்நூறு கிராம். சுண்டெலி மாதிரி இருக்கிறது என்று நான்தான் வாய்த்துடுக்காகச் சொன்னேன். சுண்டு என்றே பெயர் ஒட்டிக்கொண்டது. சுண்டுவுக்கு இதயத்தில் ஒரு கோளாறு. பத்தொன்பது நாளாகக் கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்தது. பதினோரு நாளாக ஒரு மருந்து கொடுத்தார்கள்.

அந்த மருந்து அவ்வளவு சின்னப் பிள்ளைகளுக்கென்று தனியாக வருவதில்லை. மாத்திரையைப் பொடியாக்கி, மில்லிகிராம் கணக்கில் நிறுத்து, சின்னச் சின்னக் காகிதப் பொட்டலமாக மடித்து வைப்பார்கள். கொஞ்சம் கூடினால் நாடித்துடிப்பு தளர்ந்துவிடும். கொஞ்சம் குறைந்தால் கொடுத்தும் கொடுக்காத மாதிரிதான். அந்த மருத்துவமனையின் தராசு எங்கள் லேபின் பொறுப்பு. ஐந்து மாதத்துக்கு முன்னால், சுண்டு வருவதற்கெல்லாம் ரொம்ப முன்பு, நானே போய் அதைச் சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டிருந்தேன்.

தங்கை அதை இரண்டாம் நாளே கண்டுபிடித்துவிட்டாள். மருந்தகத்துக் கண்ணாடிச் சன்னலுக்கு இந்தப் பக்கம் நின்றால் தராசும் அதன் நெற்றியில் ஸ்டிக்கரும் தெரியும்.

"உன் கிறுக்கல் கையெழுத்துதானே அது? பாத்தவுடனே தெரிஞ்சுது. இப்ப மருந்து நிறுக்கிற நேரத்துக்கெல்லாம் நான் போய் அதைப் பாத்துட்டு வரேன் அக்கா. பாத்தா மனசு அடங்குது. நீ இருக்கியே, அப்புறம் எனக்கென்ன?"

எனக்குப் பெருமையாக இருந்தது. இல்லை என்று சொன்னால் பொய்.

அந்தச் செவ்வாய்க்கிழமை காலையில் மாஸ்டர் பெட்டி திரும்பி வந்தது. எட்டு மாதத்துக்கு முன்னால் மேலே அனுப்பியது. அங்கே இயந்திரம் பழுது, ஆள் மாற்றல், அது இதென்று இழுத்தடித்துவிட்டார்கள். வக்கீல் பெட்டியை வாங்கித் தராசு அறையின் மேசையில் வைத்து, "நாளை மதியம் வரை திறக்காதே" என்று ஒரு காகிதத்தை மேலே ஒட்டினார். வெளியிலிருந்து வந்த கல் அறையின் சூட்டுக்கும் குளிருக்கும் பழக ஒரு முழு நாள் வேண்டும். அதற்கு முன் நிறுத்தால் எண் நிலைக்காது. இது எங்கள் லேபில் மீறவே கூடாத சட்டம்.

மாஸ்டர் வந்த சந்தோஷத்தில் அவருக்கு வாதம் செய்ய உற்சாகம் பொங்கிவிட்டது. சாப்பாட்டு டப்பாவின் மூடியைத் தள்ளி வைத்துவிட்டு, பழைய படிவம் ஒன்றைத் திருப்பிப்போட்டுப் பேனாவை எடுத்தார்.

"இன்னைக்கு உன்னை விடறதா இல்ல. வானம், பூமி, நட்சத்திரம் ஒண்ணும் வேணாம். நம்ம வேலையை வச்சே நிரூபிக்கிறேன். அந்த மருத்துவமனைத் தராசு இருக்கே, அது சரின்னு எப்படிச் சொல்றே?"

"என் பெட்டிக் கல்லை வச்சுப் பாத்தேன்."

அவர் ஒரு வட்டம் போட்டு, அதிலிருந்து ஒரு கோடு இழுத்து, இன்னொரு வட்டம் போட்டார். "உன் பெட்டிக் கல் சரின்னு எப்படிச் சொல்றே?"

"இந்த வருஷமா? மாஸ்டர்தான் இல்லையே. உங்க பெட்டியோட ஒப்பிட்டேன்."

மாஸ்டர் இல்லாத காலத்தில் அப்படிச் செய்யலாம் என்று விதி உண்டு. ஒரே நிபந்தனை, ஒப்பிடுகிற பெட்டி அதற்கு முன்னாலேயே மாஸ்டரோடு ஒப்பிடப்பட்டிருக்க வேண்டும்.

இன்னொரு கோடு, இன்னொரு வட்டம். "என் பெட்டி?"

"அதை நீங்கதான் சொல்லணும். மாஸ்டரை அனுப்புறதுக்கு முன்னாடி அதோட பாத்திருப்பீங்க."

பேனா நின்றது. அவர் முகத்தில் சிரிப்பு இன்னும் மிச்சமிருந்தது, ஆனால் கண்ணில் இல்லை.

"நான் எங்கே பாத்தேன்? அனுப்புன அன்னைக்கு நான் லீவு. நீதானே பொட்டலம் கட்டுனே. நீ உன் பெட்டியை அதோட பாத்துட்டுத்தான் கட்டியிருப்பேன்னு..." அவர் வட்டங்களைப் பார்த்தார். "நான் என் பெட்டியை உன்னோட பெட்டி வச்சுப் பாத்தேன்மா."

படிவத்தில் மூன்றாவது வட்டத்திலிருந்து போன கோடு திரும்பி இரண்டாவது வட்டத்துக்கே வந்தது. அவர்தான் இழுத்தாரா, என் கண்தான் இழுத்ததா தெரியவில்லை.

இரண்டு பேரும் சாப்பாட்டை அப்படியே போட்டுவிட்டு ஃபைல் அலமாரிக்கு ஓடினோம். என் சான்றிதழில் "ஒப்பிடப்பட்ட பெட்டி" என்ற கட்டத்தில் அவருடைய பெட்டி எண். அவருடைய சான்றிதழில் அதே கட்டத்தில் என் பெட்டி எண். இரண்டு வாரம் முன்பின். அவரை நம்பி நான், என் கையெழுத்தை நம்பி அவர். ஒன்றை ஒன்று தாங்கிக்கொண்டு போகட்டுமே என்று பதினான்கு வருடமாக நான் சொல்லிக்கொண்டிருந்த உலகம் அச்சு அசலாக அந்த ஃபைலில் இருந்தது.

இதோடு முடிந்திருந்தால்கூடப் பரவாயில்லை. என் பெட்டியில் பத்து மில்லிகிராம் கல் ஒன்று உண்டு. கல் என்பது பேச்சுக்குத்தான். நகத்துணுக்கு அளவு அலுமினியத் தகடு, இடுக்கியால் பிடிக்க ஒரு மூலை மட்டும் மடங்கியிருக்கும். போன வருடம் ஒருநாள் அது என் இடுக்கியிலிருந்து நழுவிக் கீழே விழுந்துவிட்டது. முட்டி போட்டுத் தேடி எடுத்தேன். லென்ஸில் பார்த்தால் ஒரு விளிம்பு தேய்ந்த மாதிரியும் இருந்தது, தேயாத மாதிரியும் இருந்தது. பிறகு வக்கீலின் பெட்டியோடு ஒப்பிட்டபோது அவருடைய கல்லைவிட என் கல் ஒரு மில்லிகிராம் குறைவாக நின்றது. குற்றமுள்ள மனசு வேறு எப்படி யோசிக்கும்? விழுந்த கல் என்னுடையது, தேய்ந்ததும் என்னுடையதுதான் என்று முடிவு கட்டினேன். "இந்தக் கல் இனி ஒன்பது" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

இரண்டு வாரம் கழித்து அவர், ஒன்பது என்று நான் எழுதியதை நம்பி, தன் கல்லை அதோடு ஒப்பிட்டார். கச்சிதமாகப் பத்து வந்தது. வராமல் என்ன செய்யும்? அவர் கல்லைப் பார்த்து நான் எழுதிய எண்ணை வைத்து அவர் கல்லையே சரிபார்த்திருக்கிறார். அன்றைக்கு எனக்கு டீ வாங்கிக் கொடுத்தார். அந்த டீ இப்போது தொண்டையில் வந்து நின்றது.

"என் கல் தேயவே இல்லைன்னா?" என்றேன். "உங்க கல்லுலதான் ஏதாவது ஒட்டிக்கிட்டு ஒரு மில்லி கூடியிருந்தா?"

"அப்ப நீ ஒன்பதுன்னு வச்சது பத்து. அந்தத் தராசு ஒன்பதுன்னு காட்டுறதெல்லாம் பத்து."

ஒன்பதுக்குப் பத்து. பதினோரு நாள், நாளைக்கு இரண்டு வேளை. நேற்று மாலை தங்கை போகிற போக்கில் சொன்னது அப்போதுதான் என் மண்டையில் ஏறியது. சுண்டுவோட நாடி கொஞ்சம் மெதுவா இருக்காம், டாக்டர் பாத்துக்கிட்டு இருக்காரு, பயப்பட ஒண்ணுமில்லையாம்.

மேசையில் மாஸ்டர் பெட்டி இருந்தது. பதில் அந்த மூடிக்குள்ளேயே இருக்கிறது. நாளை மதியம் வரை அதைத் தொட முடியாது.

"இப்பவே திறந்துடலாம் சார்."

"திறந்தா வர்ற எண்ணை நீயே நம்பமாட்டே. நான் போன் பண்றேன்."

"எங்கே?"

"மருத்துவமனைக்கு. தராசை நிறுத்தச் சொல்றேன்."

அந்த நேரத்தில் நான் சொன்னதை இன்று நினைத்தால் கூசுகிறது. "வேணாம் சார். ஒரு நாள்தானே. நாளைக்கு மத்தியானம் தெரிஞ்சுடும். அனேகமா சரியாத்தான் இருக்கும். என் கல்தானே கீழே விழுந்துச்சு. சரியாத்தான் இருக்கும்." அவர் என்னையே பார்த்தார். சரியாகத்தான் இருக்கும், சரியாகத்தான் இருக்கும் என்று நான் முணுமுணுத்துக்கொண்டே இருந்திருக்கிறேன். எந்த ஆதாரமும் இல்லாமல் நம்புகிறவர்களைப் பதினான்கு வருடம் கேலி செய்த வாய் அது.

"ஏம்மா, கடவுள் இருக்காருன்னு நான் சாட்சி இல்லாமலும் சொல்லுவேன். அது எனக்கும் அவருக்கும் உள்ளது. ஆனா கல் சரியா இருக்குன்னு சாட்சி இல்லாம சொல்லமாட்டேன். மருந்தைக் குடிக்கப் போறது அந்தப் பிள்ளை." அவர் போனை எடுத்தார். "தங்கச்சிகிட்ட நீ சொல்லிடு. மத்தவங்க வாயால அவளுக்குத் தெரியக்கூடாது."

மருந்தாளுநர் நல்ல மனிதர், கத்தவில்லை. அடுத்த வேளை மருந்தை வேறு மருத்துவமனையிலிருந்து நிறுத்து வரவழைக்கிறேன் என்றார். டாக்டருக்கும் சொல்லிவிடுகிறேன் என்றார். இத்தனைக்கும் ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. ஒன்றரை மணி ஆகியிருந்தது. டப்பாக்கள் மூடாமலே கிடந்தன.

மாலை ஐந்து மணிக்குப் பார்வையாளர் நேரம். நான் போனபோது தங்கை வார்டுக்கு வெளியே இரும்பு பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டாள். விரல் எல்லாம் சில்லிட்டிருந்தது.

"அக்கா, மருந்து நிறுக்கிற தராசைத் துணி போட்டு மூடிட்டாங்க. உன் ஸ்டிக்கரைக் காணோம். மருந்து வெளியே இருந்து வந்துச்சு. கேட்டா ஒருத்தரும் சரியா சொல்லமாட்டேங்கிறாங்க. என்னாச்சு?"

சொல்லத்தான் வந்திருந்தேன். சத்தியமாகச் சொல்லத்தான் வந்திருந்தேன். பஸ்ஸில் வரும்போது வாக்கியத்தைக்கூடக் கோத்து வைத்திருந்தேன். அவள் கண்ணைப் பார்த்ததும் எல்லாம் உருவிக்கொண்டு போய்விட்டது.

"வழக்கமா பண்ற செக்கிங்தான்டி."

"ஒண்ணும் தப்பில்லையே?"

"அதான் நான் இருக்கேன்ல."

அவள் தலையை ஆட்டினாள். பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்தோம். அரை மணி நேரம் நான் வாயைத் திறக்கவில்லை. கண்ணாடிக்கு உள்ளே சுண்டுவின் மார்பு ஏறி இறங்குவதை எண்ணிக்கொண்டிருந்தேன். எண்ணிக்கை தப்பும், மறுபடி ஒன்றிலிருந்து ஆரம்பிப்பேன். நாடி எப்படி இருக்கிறது என்று நர்ஸிடம் கேட்கப் பயம். கேட்டால், ஏன் கேட்கிறீர்கள் என்று அவர் திருப்பிக் கேட்பாரே. நேரம் முடிந்துவிட்டது என்று மணியடித்ததும், எனக்கு நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதிக்காக என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருந்தது.

அன்றிரவைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. விடிந்தது, அவ்வளவுதான்.

மறுநாள் பதினொன்றரைக்கே நானும் வக்கீலும் தராசு அறையில் இருந்தோம். கதவைச் சாத்தியாயிற்று, மின்விசிறியை நிறுத்தியாயிற்று. இரண்டு பேரும் கையுறை போட்டுக்கொண்டோம். இடுக்கியை அவர் தன் கையில் வாங்கிக்கொண்டார். பன்னிரண்டு மணிக்கு மூடியைத் திறந்தார். வெல்வெட்டுப் பள்ளங்களில் கற்கள் வரிசையாகப் படுத்திருந்தன. கடைசிப் பள்ளத்தில் மாஸ்டரின் பத்து மில்லிகிராம்.

முதலில் மாஸ்டர். பிறகு வக்கீலின் கல். பிறகு மறுபடி மாஸ்டர். பிறகு என் கல். இப்படி மாற்றி மாற்றிப் பத்து முறை வைக்க வேண்டும். ஒரு முறை போதாது. ஒவ்வொரு முறையும் கண்ணாடிக் கதவை மூடிவிட்டு, கடைசி இலக்கம் ஆடி அடங்கும்வரை மூச்சை அடக்கிக்கொண்டு நிற்க வேண்டும். நான் எண்களைப் படிவத்தில் எழுதினேன். மூன்றாவது சுற்றிலேயே தெரிந்துவிட்டது, ஆனாலும் தொடர்ந்தோம். பத்தாவது சுற்று முடிந்து அவர் இடுக்கியைக் கீழே வைத்த பிறகு நான் சராசரி போட்டேன். கூட்டலை இரண்டு தடவை செய்தேன்.

வக்கீலின் கல் பத்து. என் கல் ஒன்பது.

விழுந்த கல்தான் தேய்ந்திருந்தது. நான் குருட்டாம்போக்கில் எழுதிய எண் சரி. தராசு சரி. பதினோரு நாளும் சுண்டுவுக்குப் போன மருந்து துளி கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

நான் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன். அழுதேன், சிரித்தேன், இரண்டும் கலந்து மூக்கு ஒழுகியது. மாஸ்டர் பக்கத்தில் தும்மிவிடக்கூடாதே என்று பயந்து கையுறையால் மூக்கைப் பொத்திக்கொண்டேன். வக்கீல் பெட்டியை மூடி, தள்ளி வைத்தார்.

"சொல்லுங்க" என்றேன். "அவர்தான் காப்பாத்துனாருன்னு சொல்லுங்க. இன்னைக்கு மறுப்பு சொல்லமாட்டேன். சலுகை."

அவர் சிரிக்கவில்லை. "இதை அவர் பேர்ல எழுதமாட்டேன்மா. என் கேஸ் அவ்வளவு மோசமா இல்ல." கையுறையை ஒவ்வொரு விரலாகக் கழற்றினார். "அஞ்சு மாசம் தராசு சரியா இருந்திருக்கு. அது சரின்னு நமக்குத் தெரியாமலே இருந்திருக்கு. அதைத்தான் யோசிச்சுக்கிட்டு இருக்கேன். ராத்திரி எல்லாம் உன் தங்கச்சி நினைப்புதான். தங்கச்சி என்ன சொன்னா?"

நான் கையுறையைக் கழற்றத் தொடங்கினேன். அவருக்குப் புரிந்துவிட்டது. "போ" என்றார், "இப்பவே போ."

ஒரு மணிக்கு முன்னால் போய்விட்டேன். தங்கை அதே பெஞ்சில் இருந்தாள். நான் தூரத்திலிருந்தே சிரித்துக்கொண்டு போனேன். பக்கத்தில் போனதும் மூச்சு விடாமல் கொட்டினேன். "எல்லாம் சரியா இருக்குடி. தராசு சரி, மருந்து சரி, ஒரு மில்லிகூடத் தப்பில்ல. நாடி மெதுவா இருந்தது வேற எதனாலயோ."

"காலையிலயே சரியாயிடுச்சு. சின்னப் பிள்ளைங்களுக்கு அப்படித்தான் ஏறி இறங்குமாம்" என்றாள். என்னைப் பார்க்காமல் கண்ணாடிப் பெட்டியைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"அப்புறம் என்ன? முகத்தை ஏன் அப்படி வச்சிருக்கே?"

"நேத்து நீ போன பிறகு பார்மசிஸ்ட்கிட்ட போய் நின்னேன். சொல்ற வரைக்கும் நகரமாட்டேன்னு நின்னேன். உங்க அக்கா லேப்ல இருந்து மத்தியானமே போன் வந்துச்சும்மா, எடைக்கல்லுல சந்தேகமாம்னாரு." இப்போது திரும்பினாள். கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது. "மத்தியானமே உனக்குத் தெரியும். சாயங்காலம் வந்து இங்கேதான் உக்காந்திருந்தே. நான் வாய்விட்டுக் கேட்டேன். நான் இருக்கேன்லன்னே."

"நீ பயந்துடுவியேன்னுதான்டி..."

"நான் பயந்துதான் இருந்தேன் அக்கா. தனியாப் பயந்தேன். நீ பக்கத்துல இருந்தே, வாயைத் திறக்கல. அதுக்கு நீ வராமலே இருந்திருக்கலாம்."

அவள் குரலை உயர்த்தவே இல்லை. சாவகாசமாகத்தான் சொன்னாள். அவளுக்கு வக்கீலையும் தெரியாது, எங்கள் ஒன்று முதல் ஒன்றரையும் தெரியாது. நான் எத்தனையோ மதியங்களில் வாரி வீசிய கேள்வி ஊரெல்லாம் சுற்றி என் மடியிலேயே வந்து விழுந்திருந்தது. வக்கீல் எப்போதும் சொல்லும் பதில் எனக்கு மனப்பாடம். பேசாமல் இருப்பதும் இல்லாமல் இருப்பதும் ஒன்றாகிவிடாது. அவள் முகத்தைப் பார்த்து அதைச் சொல்லிப்பாருங்கள் யாராவது.

"என் நல்லதுக்குத்தான்னு மட்டும் சொல்லிடாதே" என்றாள்.

"சொல்லல. உன் நல்லதுக்கு இல்ல. என் கையெழுத்தைப் பாத்தா மனசு அடங்குதுன்னு சொன்னியே. அதை இழக்க எனக்கு மனசு வரல. அதான்."

வார்டுக்குள்ளே ஏதோ ஒரு கருவி கீச்சிட்டு நின்றது. இரண்டு பேரும் சட்டென்று எழுந்து பார்த்தோம். சுண்டு இல்லை, அடுத்த பெட்டிப் பிள்ளை. மறுபடி உட்கார்ந்தோம். இம்முறை அவள் ஓர் ஆள் உட்காரும் அளவுக்கு இடம்விட்டு உட்கார்ந்தாள்.

"இப்ப சரின்னு சொல்றியே, எப்படித் தெரியும்?" என்றாள்.

"மாஸ்டர்னு ஒரு பெட்டி இருக்கு. அதோட பாத்தோம்."

"அது சரின்னு?"

"மேல ஒரு லேப் இருக்கு. அவங்க பாத்து அனுப்புனாங்க."

"அவங்களோடது?"

பதினான்கு வருடமாக நான் ருசித்து ருசித்துக் கேட்ட கேள்வியை அவள் பல் கிட்டிக்கக் கேட்டாள். வாதத்துக்காகக் கேட்கவில்லை. எங்கேயாவது கால் ஊன்ற ஓர் இடம் கிடைக்குமா என்று கேட்டாள். கேட்காமல் நிம்மதியாக இருந்தவளை இப்படிக் கேட்க வைத்தது நான்தான்.

"தெரியாதுடி" என்றேன். "அவங்களுக்கும் மேல ஒண்ணு இருக்கு. அதுக்கு மேல எனக்குத் தெரியாது. நான் போய்ப் பாத்ததில்ல."

திட்டுவாள் என்று நினைத்தேன். எழுந்து போய்விடுவாள் என்றுகூட நினைத்தேன். அவள் புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"முதல்லேருந்து சொல்லு. என்ன நடந்துச்சோ அப்படியே சொல்லு. எனக்குப் புரியாதுன்னு எதையும் விட்டுடாதே."

எது முதல் என்று யோசித்தேன். பிறகு கல் என் இடுக்கியிலிருந்து நழுவிய நாளிலிருந்து ஆரம்பித்தேன். முட்டி போட்டுத் தேடியதைச் சொன்னேன், லென்ஸில் பார்த்ததைச் சொன்னேன். ஒன்பது என்று எழுதியது, வக்கீல் வாங்கிக் கொடுத்த டீ, ஃபைல் அலமாரி, போன் செய்ய வேண்டாம் என்று நான் தடுத்தது, எல்லாவற்றையும் சொன்னேன். அந்த இடத்தில் அவள் கண்ணை இறுக மூடிக்கொண்டாள், ஆனால் நிறுத்தச் சொல்லவில்லை. தரையில் உட்கார்ந்து அழுதது வரை வந்தபோது இரண்டு மணி ஆகிவிட்டது.

வக்கீல் போன் செய்து சொல்லியிருப்பார் போல. மருந்தகத்துச் சன்னலில் மருந்தாளுநர் தராசின் மேலிருந்த துணியை எடுத்தார். புது ஸ்டிக்கர் இன்னும் ஒட்டவில்லை, அதை நான் பையிலேயே வைத்திருந்தேன். அவர் எங்களைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு, வேளை மருந்தை நிறுக்க ஆரம்பித்தார். தங்கை எழுந்து போய்க் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்றாள். நானும் போய்ப் பக்கத்தில் நின்றேன். உள்ளே எண் ஆடிக்கொண்டிருந்தது.

"எனக்குப் பயமா இருக்கு அக்கா" என்றாள்.

நான் இருக்கேன்ல என்று நாக்கு நுனி வரை வந்தது. முழுங்கிவிட்டேன்.

"எனக்கும்தான்டி" என்றேன்.

அவள் என் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டாள். எண் அடங்கும்வரை இரண்டு பேரும் அங்கேயே நின்றோம்.